மாண்புமிகு நடைபாதை

மனித நாகரிகம் இதுவரை எட்டிப் பிடித்திருக்கும் உச்சங்களில் தலையாயது எது என்று யாராவது கேட்டால், தயங்காமல் சொல்லலாம்: சான் தெல்மோ நகரத்துப் பொதுப் பூங்கா. அங்கே புல் மிதிபடுவதில்லை. பூ பறிக்கப்படுவதில்லை. குப்பை என்ற பேச்சுக்கே இடமில்லை. பிலிப்பைன்ஸின் தீவுகளில் பூங்காக்களுக்கா குறைச்சல்? ஆனால் எல்லாவற்றிலும் ஜனங்கள் புகுந்து, உட்கார்ந்து, சிரித்து, தின்று நாசம் செய்துகொண்டிருக்கிறார்கள். சான் தெல்மோவில் மட்டும்தான் அந்த ஆபத்தை முன்கூட்டியே உணர்ந்து பூங்காவைப் பூட்டி வைத்திருந்தார்கள்.

சாவி தியோதுலோ மக்பானுவாவின் சட்டைப் பையில் இருந்தது. ‘நிலை ஒன்று காவலர்’ என்பது அவருடைய பதவி. நிலை இரண்டு கிடையாது; கீழே பூஜ்யமும் கிடையாது. முப்பத்தொரு வருட சேவையில் ஒரு நாள் தாமதம் இல்லை, ஒரு புகார் இல்லை. ‘உள்ளே விடாதே’ என்றால் காற்றைக்கூட யோசித்துத்தான் உள்ளே விடுவார். இப்படிப்பட்ட மனிதர்களால்தான் அரசாங்கம் என்ற ஒன்று நடக்கிறது. இல்லாவிட்டால் அது பாட்டுக்கு நின்றுபோயிருக்கும்.

பூங்காவின் வரலாறும் லேசுப்பட்டதல்ல. ஸ்பானியர் காலத்தில் கவர்னர் ஒருவர் தன் குதிரை காற்று வாங்குவதற்காக அமைத்தது. குதிரைக்கு மட்டுமே அனுமதி. அப்புறம் அமெரிக்கர்கள் வந்து ஜனநாயகத்தைக் கொடுத்தார்கள். பாண்டு வாசிக்க ஒரு மண்டபம் கட்டி, ‘புல்லில் உட்காராதே’ என்று பலகை நட்டார்கள். ஜப்பானியர் வந்து பலகையை விறகாக்கினார்கள். சுதந்திரம் கிடைத்ததும் மக்களாட்சி முதல் வேலையாக அந்தப் பலகையைப் புதிதாகச் செய்து வைத்தது.

நடுவில் ஒரு வெண்கலச் சிலை. உடம்பு கவர்னருடையது, வாளை ஓங்கியபடி நிற்கும். ஆட்சி மாறும்போதெல்லாம் தலையை மட்டும் மாற்றுவது சான் தெல்மோ மரபு. உடம்பு நல்ல உடம்பு, வீணாக்குவானேன்? அமெரிக்கப் பள்ளிக்கூட வாத்தியார் சில காலம் வாளோடு நின்றார். இப்போது நிற்பவர் மேயரின் தாத்தா. அவர் பல் டாக்டர். ‘மக்களின் வலி போக்கியவர்’ என்று அடியில் பொறித்திருக்கிறது. வாளைப் பார்த்தால் எவருக்கும் வலி போய்விடும்.

இத்தகைய பெருமை வாய்ந்த பூங்காவுக்குள்தான் பிப்ரவரி மாதம் ‘மக்கள் நல நடைபாதை’ உருவானது. நானூறு மீட்டர் வட்டம். கால் வைத்தால் மெத்தென்று அமுங்கும் நீல ரப்பர். ஓரத்தில் கைப்பிடிக் கம்பி. முழங்கால் போனவர்கள், நெஞ்சு போனவர்கள், பக்கவாதம் வந்தவர்கள் எல்லாரும் நடந்து குணமடைவதற்கென்றே கட்டியது. திறப்பு விழா நடக்கும்வரை பூங்காவைப் பூட்டி வைக்கும்படி தியோதுலோவுக்கு உத்தரவு வந்தது.

அந்த உத்தரவு வந்து பத்தாம் நாள் அவர் மனைவி கன்சோர்சியாவுக்குப் பக்கவாதம் வந்தது.

கன்சோர்சியா பூங்கா வாசலில் வாழைப்பழத்தைச் சர்க்கரைப் பாகில் பொரித்துக் குச்சியில் செருகி விற்றவள். நாக்கு அவளுக்குக் கொதிக்கிற எண்ணெய். பக்கவாதம் இடது காலைத்தான் தொட்டது; நாக்கின் பக்கம் போகப் பயந்துவிட்டது. சுகாதார நிலையத்து டாக்டர் கண்டிப்பாகச் சொன்னார்: “தினமும் நடக்கணும்மா. சமதரையில, கம்பியப் பிடிச்சுக்கிட்டு. மூணு மாசம். அதுக்குள்ள பழக்கலேன்னா கால் அப்படியே இறுகிப்போயிரும். அப்புறம் நான் மட்டுமில்ல, யார் வந்தாலும் ஒண்ணும் பண்ண முடியாது.”

அவர்கள் குடியிருந்த சந்தில் சமதரை என்பது சாக்கடை மேல் போட்ட ஒற்றைப் பலகைதான். அதற்கு அப்பால் பெரிய ரோடு. அங்கே ஜீப்னி என்ற குட்டிப் பஸ் ஓட்டுகிறவர்கள் நடக்கிறவனைக் கண்டால் கோபப்படுவார்கள். ஊரில் கம்பியும் சமதரையும் சேர்ந்து இருந்தது ஒரே ஓர் இடம். அதன் சாவி அவள் புருஷன் பையில் இருந்தது. அதிர்ஷ்டசாலி என்று அக்கம்பக்கத்துப் பெண்கள் பொறாமைப்பட்டார்கள்.

அந்தப் பக்கத்தில் புருஷன் பெண்டாட்டி இருவருமே ஒருவரையொருவர் ‘பங்கா’, அதாவது ‘அன்பே’, என்றுதான் கூப்பிட்டுக்கொள்வார்கள். கொஞ்சலுக்கும் அதுதான், திட்டுக்கும் அதுதான்.

“பங்கா, கதவத் திற” என்றாள் கன்சோர்சியா. முதல் நாள் காலையில் சைக்கிள் ரிக்ஷாவில் வந்து இறங்கி, வாசல் கம்பியைப் பிடித்துக்கொண்டு நின்றாள்.

“முடியாது பங்கா.”

“ஏன், பூட்டு துருப்பிடிச்சிருச்சா?”

“பூட்டு நல்லாத்தான் இருக்கு. இன்னும் திறப்பு விழா ஆகல.”

“விழா மேயருக்கு. எனக்கு நடந்தாப் போதும். ஒரு சுத்து. யாரு பாக்கப்போறா?”

“நான் பாப்பேனே” என்றார் தியோதுலோ.

நேர்மை என்றால் இதுதான் நேர்மை. அவர் கல்நெஞ்சர் இல்லை. மனைவியின் வலது கையைத் தன் தோளில் போட்டுத் தாங்கிக்கொண்டு நின்றவர்தான். அவளுக்குக் கால் வராமல் போய்விடுமோ என்ற பயத்தில் ஒரு வாரமாகச் சோறு இறங்கவில்லை. ஆனாலும் நடைமுறை என்று ஒன்று இருக்கிறதல்லவா? அதன்படி மனுப் போடலாம் என்று முடிவு செய்தார்.

பூங்கா மேம்பாட்டு அலுவலகத்தின் தலைவர் இன்ஜினியர் வில்லாருஸ். மனுவை அவர் இருமுறை படித்தார். குடியிருப்புச் சான்று, நோய்ச் சான்று, நன்னடத்தைச் சான்று, இரண்டு புகைப்படம் எல்லாம் சரியாக இருந்தது. இடது காலுக்குத் தனியாகப் புகைப்படம் இல்லாதது மட்டும் அவருக்கு உறுத்தியது.

“தியோதுலோ, உன் கஷ்டம் எனக்குப் புரியுது. என் மாமியாருக்கும் முழங்கால் வலி. ஆனா ஒண்ணு யோசி. உன் சம்சாரம் இன்னைக்கு நடந்துட்டா, நாளைக்கு மேயர் வந்து வைக்கிறது என்ன காலடி?”

“ரெண்டாவது காலடி, இன்ஜினியர் சார்.”

“பாத்தியா, உனக்கே தெரியுது! அழைப்பிதழ்ல ‘முதல் காலடி’ன்னு அடிச்சாச்சு. அத மாத்த முடியுமா? அப்புறம் அந்த ரப்பர் இருக்கே, ரப்பர். அது நடந்தா தேய்ஞ்சிரும்.”

“நடக்கத்தானே சார் போட்டது?”

“திறந்ததுக்கு அப்புறம் நடக்க. திறக்கறதுக்கு முந்தி பாதுகாக்க. ரெண்டுக்கும் வேற வேற கோப்பு.”

தியோதுலோ வியந்துபோனார். இவ்வளவு பெரிய விஷயத்தை இவ்வளவு தெளிவாக யாரும் அவருக்கு விளக்கியதில்லை. மனு ‘உரிய மேல்நடவடிக்கைக்காக’ மேலே போனது. மேலே இருந்த மின்விசிறி அதைக் கொஞ்ச நேரம் படித்துவிட்டுத் தரையில் போட்டது.

விழா மார்ச் பத்தாம் தேதி நடந்திருக்க வேண்டியது. அன்று மேயர் மணிலாவுக்குப் போய்விட்டார். ‘மக்களோடு மக்களாக’ என்ற மாநாட்டுக்கு. ஏப்ரலில் புனித வாரம். அதில் ரிப்பன் வெட்டினால் பாவம். சரி, மே மாதம் என்று வைத்தார்கள். அப்போதுதான் பெயர் வரிசைச் சிக்கல் எழுந்தது.

சான் தெல்மோவில் மேடை ஏறுகிற எவரும், பேச்சைத் தொடங்குமுன் எதிரே இருக்கும் மாண்புமிகுக்கள் அத்தனை பேரையும் பதவி வரிசைப்படி பெயர் சொல்லி வணங்கியாக வேண்டும். ஒவ்வொரு பெயருக்கும் கூட்டம் கைதட்டியாக வேண்டும். என்ன சொன்னார்கள் என்று கேட்டுத் தட்டுகிற பழக்கம் கிடையாது. பெயர் வந்து குரல் நின்றால் தட்ட வேண்டும். ஒருமுறை புதுப் பால விழாவில் துணை மேயர் பெயரை விட்டுவிட்டார்கள். அந்தப் பாலம் இன்னும் திறக்கவில்லை. ஜனங்கள் அதன் நிழலில் படகில் போய்க்கொண்டிருக்கிறார்கள். வெயில் படுவதில்லை என்று சந்தோஷம்தான்.

நடைபாதைக்கு நிதி வாங்கித் தந்தவர் நாடாளுமன்ற உறுப்பினர் அம்மையார். அவர் மேயரின் மைத்துனி. யார் பெயர் முதலில்? மேயர் தரப்பு ஒரு பெரிய பேனர் கட்டியது: மேயர் முகம், ‘இது உங்களுக்கு என் பரிசு’. அம்மையார் தரப்பு அதைவிட ஒரு முழம் பெரிதாக இன்னொன்று கட்டியது. இரண்டு முகங்களும் வாசலை அடைத்துக்கொண்டதில், கம்பி வழியாகப் பூங்காவைப் பார்க்கிற வசதியும் போயிற்று.

கன்சோர்சியா தினமும் காலையில் வந்து வாசலில் ஒரு பிளாஸ்டிக் முக்காலியில் உட்காருவாள். மேயரின் மூக்குக்கும் அம்மையாரின் கம்மலுக்கும் நடுவில் ஒரு சந்து இருந்தது. அதன் வழியே நீலப் பாதையைப் பார்ப்பாள். கம்பியைப் பிடித்து எழுந்து, நாலு அடி பக்கவாட்டில் நகர்வாள். வாசல் அவ்வளவுதான் அகலம்.

“பங்கா, இன்னைக்குக் கட்டைவிரல் அசைஞ்சுது” என்றாள் மே மாதம் ஒரு நாள்.

தியோதுலோவுக்குக் கண் கலங்கிவிட்டது. குனிந்து அந்த விரலைத் தொட்டுப் பார்த்தார். பிறகு என்ன தோன்றியதோ, எழுந்து போய்ப் பூட்டில் சாவியைச் செருகினார். கன்சோர்சியா மூச்சுவிடாமல் நின்றாள். சாவி பாதி திரும்பியது. அப்போது எங்கோ ஒரு கார் ஒலி எழுப்பியது. இன்ஜினியராக இருக்குமோ? இல்லை, ஐஸ் வண்டி. ஆனால் அதற்குள் சாவி பைக்குத் திரும்பிவிட்டது. முப்பத்தொரு வருடம் சும்மா போகுமா?

“நாளைக்கே தேதி வெச்சாலும் வெப்பாங்க” என்றார்.

“என் காலும் அதத்தான் சொல்லுது” என்றாள் அவள்.

இதற்கிடையில், பெயர் வரிசையில் முடிவு வரும்வரை நேரத்தை வீணாக்க வேண்டாம் என்று ‘பூங்காவின் தற்காலப் பயன்பாடு’ பற்றிய ஆய்வுக்கு ஏற்பாடானது. மணிலாவிலிருந்து டாக்டர் அராசெலி புவென்வியாஹே வந்து சேர்ந்தார். பொது இட வல்லுநர். குடை, மடக்கு நாற்காலி, அமுக்கினால் டிக் என்று எண்ணும் கருவி ஆகியவற்றோடு வாசலுக்கு எதிரே உட்கார்ந்தார். மூன்று வாரம் உட்கார்ந்தார். முதல் இரண்டு வாரமும் கருவி டிக் என்று ஒருமுறைகூடச் சொல்லவில்லை.

“ஒருத்தர்கூட உள்ள போகல. ஆச்சரியமா இருக்கு” என்றார் தியோதுலோவிடம்.

“பூட்டியிருக்குங்க மேடம்.”

“காரணம் பத்தி அடுத்த கட்ட ஆய்வுல பாப்போம். இப்ப எண்ணிக்கை மட்டும்தான்.”

முக்காலியிலிருந்து கன்சோர்சியா கையைத் தூக்கினாள். “மேடம், நான் இருக்கேன். உள்ள போக ஆசைப்படுறேன். எழுதிக்குங்க.”

“ஆசைக்குக் கட்டம் இல்லையேம்மா. நீங்க உள்ள போனா எண்ணுவேன்.”

“உள்ள விட மாட்டேங்குறாங்களே!”

“அப்ப எண்ண முடியாதே!” டாக்டர் அராசெலி உண்மையாகவே வருத்தப்பட்டார். விஞ்ஞானத்தில் இரக்கத்துக்கு இடமில்லை என்பது அவர் முகத்தில் தெரிந்தது.

கடைசி வாரத்தில் பின்பக்க வேலியில் ஓட்டை போட்டுக்கொண்டு மூன்று ஆடுகள் உள்ளே நுழைந்தன. டிக், டிக், டிக். டாக்டர் அராசெலி துள்ளிக் குதித்தார். தியோதுலோ கம்போடு ஓடினார்.

“விரட்டாதீங்க! புள்ளிவிவரம் கெட்டுடும்!”

ஆடுகள் நீல ரப்பரில் நிதானமாக இரண்டு சுற்று நடந்தன. கன்சோர்சியா சந்தின் வழியே அதைப் பார்த்துக்கொண்டே இருந்தாள்.

“பங்கா, அதுங்க எந்த அலுவலகத்துல மனுக் குடுத்துச்சு?” என்று கேட்டாள். “சொன்னா நானும் அங்கயே குடுப்பேன்.”

அறிக்கை எண்பது பக்கம் வந்தது. ‘இப்பூங்காவின் தற்காலப் பயன்பாடு முதன்மையாக மேய்ச்சல்’ என்றது. ‘நகர மக்களிடம் நடக்கும் ஆர்வம் அறவே இல்லை, விழிப்புணர்வு ஊட்டுதல் அவசரம்’ என்றும் பரிந்துரைத்தது. ஆகவே ‘வாருங்கள் நடப்போம்’ என்ற ஒருநாள் கருத்தரங்கு, கடற்கரை ஓட்டலின் ஏழாவது மாடியில், குளிர்சாதன அறையில் நடந்தது. எல்லோரும் வேனில் வந்தார்கள். லிஃப்டில் ஏறினார்கள். நடையின் நன்மைகள் பற்றி ஒன்பது பேர் பேசினார்கள். மதியம் சுட்ட கோழியும் சோறும். சாப்பாட்டு மேசை அறையின் மறுகோடியில் இருந்ததை மட்டும் பலர் குறை சொன்னார்கள். அவ்வளவு தூரம் போக வேண்டியிருந்ததாம்.

காவலர் என்ற முறையில் தியோதுலோவுக்கும் அழைப்பு. அவர் தன் பங்குக் கோழியைக் காகிதத்தில் சுற்றி மனைவிக்குக் கொண்டுவந்தார். ‘தினமும் நட’ என்று நெஞ்சில் எழுதிய பனியனும் ஒன்று கொடுத்திருந்தார்கள்.

வீட்டில் கன்சோர்சியா படுத்திருந்தாள். பக்கத்து வீட்டுப் பெண் விசிறிக்கொண்டிருந்தாள்.

“என்ன ஆச்சு பங்கா?”

“நடந்தேன்” என்றாள் கன்சோர்சியா. “நீ இல்லேல்ல? வாசல்ல உக்கார வெக்க ஆளில்ல. சரி, நம்ம பலகையிலயே நடப்போம்னு பாத்தேன். மூணாவது அடியில சாக்கடை என்னைய வரவேத்துச்சு. அங்க மட்டும் திறப்பு விழா எதுவும் கேக்கல.”

தியோதுலோ அழுதார். வாய்விட்டே அழுதார். சாவியை எடுத்து எறிந்துவிடலாமா என்றுகூட நினைத்தார். அது அரசாங்கச் சொத்து என்பது ஞாபகம் வந்தது.

இடுப்பில் அடி. ஒன்றரை மாதம் படுக்கை. அதற்குள் ஜூன் மாதம் ஒரு தேதி குறித்து, அன்று புயல் எச்சரிக்கை வந்து, தேதி பறந்தது. ஜூலையில் டாக்டர் வந்து அவள் காலைத் தூக்கிப் பார்த்தார், மடக்கிப் பார்த்தார், மெதுவாகக் கீழே வைத்தார். “இறுகிப்போச்சு” என்றார். கட்டைவிரலும் அசையவில்லை.

அதே வாரத்தில் மேயரும் மைத்துனியும் சமாதானமானார்கள். ரிப்பனை இரண்டு கத்தரியால் ஒரே நேரத்தில் வெட்டுவது, பெயரை வயது வரிசையில் படிப்பது, வயதை இருவரும் சொல்லாமல் இருப்பது என்று உடன்பாடு. இன்ஜினியர் வில்லாருஸ் நேரில் தியோதுலோ வீட்டுக்கே வந்துவிட்டார்.

“உன் மனுவ நாங்க மறக்கல, பாத்தியா? உன் சம்சாரம்தான் நடைபாதையின் ‘முதல் பயனாளி’. மேயரே முடிவு பண்ணினார்.”

“சார், அவளால நடக்க முடியாதே இப்ப.”

“அதனாலதான்! நடக்க முடிஞ்சவங்களுக்கு உதவி எதுக்கு?”

விழா அன்று பூங்கா ஜேஜே என்றிருந்தது. பாண்டு வாத்தியம், கொடித் தோரணம், பஜனைக் கூட்டம் மாதிரி ஒரே உடையில் ஊழியர்கள். கன்சோர்சியாவுக்குப் புத்தம்புதுச் சக்கர நாற்காலி வழங்கப்பட்டது. சாய்மானத்தில் மேயரின் படம். அம்மையாரின் ஆட்கள் அவசரத்தில் தங்கள் தலைவி படத்தை மிச்சமிருந்த இடத்தில், அதாவது இருக்கையில், ஒட்டிவிட்டார்கள். கன்சோர்சியா அதன்மேல் மரியாதையாக உட்கார்ந்தாள்.

மேயர் தள்ளினார். நானூறு மீட்டர், ஏழு நிமிடம், முப்பது புகைப்படக்காரர்கள். ‘நடைபாதையின் முதல் நடை!’ என்று ஒலிபெருக்கி முழங்கியது. தியோதுலோ கூட்டத்தின் முதல் வரிசையில், இஸ்திரி போட்ட சட்டையில் விறைத்து நின்றார். ஐந்து மாதம் காத்த பாதையில் ஒரு கீறல் இல்லை என்பதை எல்லோரும் பாராட்டினார்கள்.

“நம்ம முதல் பயனாளி ரெண்டு வார்த்தை நன்றி சொல்லுவாங்க” என்று ஒலிவாங்கியை அவள் கையில் கொடுத்தார் இன்ஜினியர். “அக்கா, பெயர் வரிசை மறந்துராதீங்க” என்று காதில் முணுமுணுத்தார்.

கன்சோர்சியா மறக்கவில்லை.

“மாண்புமிகு மேயர் அவர்களே!” என்றாள். கைதட்டல். “மார்ச் மாசம் எனக்கு முழங்கால் மடங்கிச்சு. நீங்க மணிலாவுக்குப் போயிருந்தீங்க. நன்றி.”

கைதட்டல். மேயர் எழுந்து நின்று கையசைத்தார்.

“மாண்புமிகு நாடாளுமன்ற உறுப்பினர் அம்மா அவர்களே! மே மாசம் கட்டைவிரல் அசைஞ்சுது. யார் பேர முதல்ல படிக்கிறதுன்னு நீங்க இன்னும் முடிவு பண்ணல. நன்றி.”

கைதட்டல். அம்மையார் நெஞ்சில் கைவைத்துக்கொண்டார்.

“இன்ஜினியர் வில்லாருஸ் சார்! ரப்பர் தேயாமப் பாத்துக்கிட்டீங்க. தேஞ்சது என் கால்தான். நன்றி. டாக்டர் அராசெலி மேடம்! மூணு வாரம் எனக்கு எதுத்தாப்புல உக்காந்து ஆடுகள எண்ணிக்கிட்டுப் போனீங்க. ஆடுங்க சார்பா நன்றி.”

கைதட்டல் கூரையைப் பிளந்திருக்கும்; பூங்காவுக்குக் கூரை இல்லை. இன்ஜினியர் மட்டும் லேசாக முகம் சுளித்து, வரிசை சரியாக இருக்கிறதா என்று தாளைப் பார்த்துக்கொண்டார். சரியாகத்தான் இருந்தது.

“கடைசியா, என் பங்கா, நிலை ஒன்று காவலர் தியோதுலோ மக்பானுவா அவர்களே!”

முப்பத்தொரு வருடத்தில் மேடையிலிருந்து அவர் பெயரை ஒருவர் சொன்னது அதுதான் முதல் தடவை. கூட்டம் தட்டியது.

“இவங்க யாருக்கும் என்னையத் தெரியாது. என் கால் எப்படியிருந்தா இவங்களுக்கென்ன? நீ தினமும் பாத்தே. விரல் அசைஞ்சப்ப தொட்டும் பாத்தே. சாவி உன் பையிலதான் இருந்துச்சு. நன்றி.”

குரல் நின்றது. கூட்டம் இடியாய்த் தட்டியது. பழக்கம் பொல்லாதது, தியோதுலோவும் தட்டினார். எல்லோரும் நிறுத்திவிட்டு அடுத்த நிகழ்ச்சியான பரிசுக் குலுக்கலுக்குத் திரும்பிய பிறகும், அவருக்கு மட்டும் எப்படி நிறுத்துவதென்று தெரியவில்லை.